மாமன் கிழித்த உத்தரவு

ஒரு பெண்ணைப் பள்ளிக்கூடத்தில் சேர்த்துக்கொள் என்று கோர்ட் உத்தரவு போட்டது, அதை மதிக்காத மனிதர் கூண்டில் ஏறி நின்றார் என்று நான் சொன்னால் இப்போதுள்ள பிள்ளைகள் நம்புவதில்லை. நம்பாவிட்டால் போகட்டும். அந்தப் பெண் நான். கூண்டில் நின்றவர் என் தாய்மாமன். வழக்குப் போட்டவர் என் அப்பா. இரண்டு பேருக்கும் நடுவில் என் அம்மா அழுதுகொண்டே சமைத்துக்கொண்டிருந்தாள்.

பாலக்காட்டுப் பக்கம் நல்லேப்பிள்ளிக்குக் கிழக்கே எங்கள் வயலும் மாமன் வயலும் ஒரே வாய்க்காலில் தண்ணீர் பாய்ந்தவை. எங்களுடையது சின்னப் பண்ணையம். மாமனுடையது பெரியது. அவருக்கு நெல் இருந்தது, தென்னை இருந்தது, அதற்கு மேல் ஒரு பள்ளிக்கூடமும் இருந்தது. தன் இடத்தில் தானே ஓட்டுக் கட்டடம் எழுப்பி, கொச்சி சர்க்காரிடம் கிராண்ட் வாங்கி நடத்தினார். ஊரில் எல்லாரும் அவரை மேனேஜர் என்றே கூப்பிட்டார்கள். அந்தச் சொல் அவருக்கு வெல்லம். மாடு மேய்க்கிறவன் மேனேஜரய்யா என்று கூப்பிட்டால்கூட நின்று பதில் சொல்லிவிட்டுத்தான் போவார்.

அந்தப் பள்ளியில் நாலாம் வகுப்பு வரை நானும் இன்னும் சில பெண்களும் படித்தோம். நாலாவது முடிந்ததும் மற்றவர்கள் தானாக நின்றுகொண்டார்கள். நான் நிற்கவில்லை. அஞ்சாம் வகுப்பு திறந்த அன்று தலையை வாரிக்கொண்டு போய் முதல் பெஞ்சில் உட்கார்ந்தேன். ஹெட்மாஸ்டர் பயந்த சுபாவம். என்னையும் வாசலையும் மாறி மாறிப் பார்த்தார். கொஞ்ச நேரத்தில் மாமனே வந்துவிட்டார்.

"ஏங்கண்ணு, எந்திரி. ஊட்டுக்குப் போ. பொம்பளப் புள்ளைக்கு நாலாவது போதும்" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. பந்தியில் இடம் மாறி உட்கார்ந்த குழந்தையை எழுப்புவதுபோலத்தான் சொன்னார். எனக்கு அதுதான் எரிந்தது.

அவருக்கு ஒரு கணக்கு இருந்தது, ஊருக்கும் தெரியும். அவர் மகனுக்கு நான் முறைப்பெண். அந்த மகனோ அஞ்சாம் வகுப்பிலேயே இரண்டு வருஷமாகக் குடியிருந்தான். மருமகளாக வரப்போகிறவள் பக்கத்துப் பெஞ்சில் உட்கார்ந்து அவனைத் தாண்டி ஆறாவதுக்குப் போய்விட்டால் குடும்ப மானம் என்ன ஆவது?

நான் வீட்டுக்கு வந்து சாப்பிட மாட்டேன் என்று படுத்துக்கொண்டேன். அப்பா என்னை எழுப்பிப் பார்த்தார், மிரட்டிப் பார்த்தார், கடைசியில் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு மாமனிடம் பேசப் போனார். அங்கே என்ன பேச்சு நடந்ததோ, திரும்பி வரும்போது அப்பாவின் முகம் சிவந்திருந்தது. "என்ற புள்ளைய என்ன பண்றதுன்னு உங்கண்ணன் எனக்குச் சொல்றாரு" என்று அம்மாவிடம் சொன்னார். மறுநாளே பாலக்காட்டுக்குப் போய்க் கல்பாத்திப் பக்கத்து வக்கீல் ஒருவரைப் பார்த்தார். என் படிப்புக்காகப் பாதி, மச்சான் மேலுள்ள வீம்புக்காகப் பாதி என்று அப்போதே எனக்குத் தோன்றியது. எந்தப் பாதியாக இருந்தாலும் எனக்குச் சம்மதம்தான்.

அந்த வக்கீல் கெட்டிக்காரர். பக்கத்தில் பெண் பள்ளிக்கூடம் இல்லாத ஊரில், சர்க்கார் கிராண்ட் வாங்குகிற பள்ளி பெண்ணென்று சொல்லி யாரையும் தள்ளக்கூடாது என்று ஒரு விதியைத் தேடி எடுத்தார். "பேஷா வாதிக்கலாம், கேட்டேளா? ஆனா ஒண்ணு. வாய்தா வாய்தான்னு இழுப்பா. கொழந்தைக்கு என்ன வயசு?" என்று கேட்டாராம். அப்பா சொன்னதும், "அப்போ சீக்கிரம் முடிக்கணும்" என்று மட்டும் சொன்னாராம்.

அவர் எதற்கு அவசரப்பட்டார் என்று எங்கள் வீட்டில் யாரும் வாய்விட்டுப் பேசவில்லை. பேச வேண்டியதும் இல்லை. எங்கள் பக்கத்தில் பெண் வயசுக்கு வந்துவிட்டால் அதற்குமேல் பள்ளிக்கூடம் என்ற பேச்சே கிடையாது. வாசலைத் தாண்டுவதற்கே துணை வேண்டும். என் ஜோடிப் பெண்கள் ஒவ்வொருத்தியாக வயசுக்கு வந்து உட்கார ஆரம்பித்திருந்தார்கள். ஒருபக்கம் கோர்ட் நடந்தது, மறுபக்கம் என் உடம்பு வளர்ந்தது. யார் முந்துவது என்பதுதான் உண்மையான வழக்கு. காலையில் எழுந்ததும் இன்றைக்கு இல்லை சாமி என்று நான் கும்பிட்டுக்கொள்வேன்.

கோர்ட் பக்கத்துச் சித்தூரில். வாய்தா நாள் என்றால் அம்மா விடிவதற்கு முன்பே எழுந்து புளிச்சோறு கிளறுவாள். பாக்கு மட்டையில் கட்டி அப்பாவிடம் கொடுப்பாள். மூட்டை எப்போதும் பெரிதாக இருக்கும்.

"ஏனுங்க, அண்ணனும் வந்திருப்பாங்கல்ல. அங்க கிளப்புக் கடையில தின்னா அவிங்களுக்கு வயிறு ஒத்துக்காது. பாதியக் குடுத்துருங்க."

"எதிராளிக்குச் சோறு கட்டிக் குடுக்கறவ நீ ஒருத்திதான்" என்று அப்பா பல்லைக் கடிப்பார். ஆனால் மூட்டையை வாங்கிக்கொண்டு போவார். கோர்ட் வாசலில் ஒரு புளியமரம். அதன் கீழே இவர் ஒரு பக்கமும் அவர் ஒரு பக்கமும் உட்காருவார்களாம். அப்பா ஒரு மட்டையை நடுவில் வைத்துவிட்டுத் திரும்பிக்கொள்வாராம். மாமன் எடுத்துச் சாப்பிட்டுவிட்டு, கையைக் கழுவி, ஒரு வார்த்தை பேசாமல் உள்ளே போய் அப்பாவுக்கு எதிராகச் சாட்சி சொல்வாராம். வக்கீல்கள் இரண்டு பேரும் இதைப் பார்த்துச் சிரித்திருக்கிறார்கள். சிரிக்காமல் என்ன செய்வார்கள்?

ஒருவழியாகத் தீர்ப்பு வந்தது. பெண்ணை அஞ்சாம் வகுப்பில் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்று உத்தரவு. கோர்ட் பியூன் அதை எடுத்துக்கொண்டு பள்ளிக்கூடத்துக்கே வந்தான். நானும் அப்பாவும் வாசலில் நின்றோம். மாமன் காகிதத்தைக் கையில் வாங்க மாட்டேன் என்றார். பியூன் பசையைத் தடவிக் கதவில் ஒட்டினான். மாமன் அதைப் பார்த்தார். பிள்ளைகள் எல்லாம் ஜன்னலில் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர் ஒரே இழுப்பில் அதைக் கிழித்துக் கீழே போட்டார்.

"என்ற தங்கச்சி புள்ளைய எங்க உக்காத்தறதுன்னு எனக்குச் சொல்றதுக்குக் கோர்ட்டு யாருங்க?"

பியூன் அரண்டுபோனான். ராஜாங்க முத்திரை போட்ட காகிதம் அது. குனிந்து துண்டுகளைப் பொறுக்கி மேல்துண்டில் முடிந்துகொண்டு ஓடாத குறையாகப் போனான். எங்கள் வக்கீலுக்கு வேறென்ன வேண்டும்? கோடதியலட்சியம் என்று மலையாளத்தில் சொல்வார்கள். கோர்ட்டை அவமதித்ததாக மாமன் மேல் புது மனு போனது. நிரூபணமானால் ஜெயில் என்று ஊரெல்லாம் பேச்சு.

அம்மா இடிந்து உட்கார்ந்துவிட்டாள். அவளுக்கு ஒரே ஒரு விஷயம்தான் புரியவில்லை. "புள்ளைய வெளிய தொரத்துனதுக்கு ஜெயிலு இல்லையாமா. காயிதத்தக் கிழிச்சதுக்கு ஜெயிலாமா. அந்தக் காயிதத்துக்கு இருக்கற ரோசம் என்ற புள்ளைக்கு இருக்கக்கூடாதா?" என்று கேட்டாள்.  அதற்குப் பதில் எனக்கு இப்போதும் தெரியாது.

விசாரணைக்குத் தேதி குறித்தாகிவிட்டது. அதற்குச் சில நாள் முன்னால், மாட்டுக் கொட்டகையில் சாணி அள்ளிக்கொண்டிருந்தபோது, நான் பயந்தது நடந்துவிட்டது.

யாரிடமும் சொல்லாமல் மறைத்துவிடலாமா என்றுதான் முதலில் நினைத்தேன். அம்மாவின் கண்ணுக்குத் தப்ப முடியுமா? பார்த்ததும் நெற்றியில் அடித்துக்கொண்டாள். நான் ஓவென்று அழுதேன். வலியோ வெட்கமோ இல்லை, ஆத்திரம். என் உடம்பே எதிர்க்கட்சிச் சாட்சியாகப் போய்விட்டதே என்ற ஆத்திரம்.

பெண் உட்கார்ந்தால் முதல் செய்தி தாய்மாமனுக்குப் போக வேண்டும். அவர் பச்சை ஓலை வெட்டி வந்து தன் கையால் குடிசை கட்டித் தர வேண்டும். தீட்டுக் கழியும்வரை பெண் அதில்தான் இருக்க வேண்டும். தீட்டுக் கழிந்தபின் நடக்கும் தெரட்டிச் சடங்குக்குச் சீரும் அவர் வைப்பதுதான். இதில் எதையும் இன்னொருவர் செய்ய முடியாது. ஆனால் செய்தி சொன்னால் வழக்கு போச்சு. வயசுக்கு வந்த பெண்ணை ஆண்பிள்ளைகளோடு உட்கார வைப்பது குல வழக்கத்துக்கு விரோதம், அதனால்தான் சேர்க்க முடியவில்லை என்று அவர் கோர்ட்டில் ஒரு வார்த்தை சொன்னால் போதும். எந்த முன்சீபும் அதற்குமேல் வற்புறுத்த மாட்டார்.

அம்மா அப்பாவின் முகத்தைப் பார்த்தாள். அப்பா, "போய்ச் சொல்லீட்டு வா. அண்ணனில்லாத சீரு எதுக்கு" என்றார். அம்மா தானே நடந்து போய்ச் சொன்னாள்.

அன்று சாயங்காலமே மாமன் வந்துவிட்டார். வண்டி நிறையத் தென்னை ஓலை. வீட்டுக்குள் நுழையவில்லை, அப்பாவைப் பார்க்கவில்லை. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு கொல்லையில் கம்பு நட்டார், ஓலை வேய்ந்தார். ஆளைக் கூப்பிட்டால் நொடியில் முடித்திருப்பான். அவருக்குப் பழக்கமில்லாத வேலை, விரலெல்லாம் கீறிக்கொண்டது. என்னை உள்ளே உட்கார வைத்துவிட்டு அம்மா தண்ணீர் எடுக்கப் போனாள். அவர் வெளியே நின்று கடைசி ஓலையைக் கட்டிக்கொண்டிருந்தார்.

நான் உள்ளிருந்தே கேட்டேன். "இப்பச் சந்தோசமாங்க மாமா? கேசு உங்க பக்கம் செயிச்சுப் போச்சில்லீங்க."

கட்டிக்கொண்டிருந்த கை நின்றது. ஓலை இடுக்கில் அவருடைய விரல்கள் மட்டும் எனக்குத் தெரிந்தன. திட்டப்போகிறார் என்று நினைத்தேன்.  முடிச்சைப் போட்டுவிட்டுப் போய்விட்டார்.

விசாரணையன்று நான் குடிசைக்குள் கிடந்தேன். அம்மா அன்றைக்கும் புளிச்சோறு கட்டினாள், மூட்டையில் பாதி கண்ணீர். கோர்ட்டில் நடந்ததை அப்பா பிற்பாடு எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறார். ஒவ்வொரு தடவையும் ஒரே மாதிரி சொன்னதால் நம்புகிறேன்.

மாமனின் வக்கீலுக்குச் சங்கதி முன்பே தெரிந்திருந்தது. ஊரே அறிந்த செய்திதானே. அவர் மிகுந்த உற்சாகத்தோடு எழுந்து, மாமனைக் கூண்டில் ஏற்றி, உங்கள் சகோதரி வீட்டில் இப்போது என்ன விசேஷம் நடந்தது, அதைக் கோர்ட்டாரிடம் சொல்லுங்கள் என்றார். மாமன் பேசவில்லை. வக்கீல் மறுபடி கேட்டார். "பறயணம், பறயணம்" என்று மலையாளத்தில் சொல்லச் சொல்லி மெதுவாகத் தூண்டினார். முன்சீப் பேனாவைக் கையில் பிடித்துக் காத்திருந்தார். குமாஸ்தாக்கள், பியூன்கள், வேறு வழக்குக்கு வந்தவர்கள் என்று கூடம் நிறைய ஆண்கள். எங்கள் வக்கீல் தலையைக் குனிந்துகொண்டாராம். அப்பாவுக்கு எழுந்து வெளியே போய்விடலாம்போல இருந்ததாம்.

"ஒண்ணும் நடக்கலீங்க" என்றார் மாமன்.

வக்கீல் திகைத்துப்போய்க் கூண்டருகே போனார். மாமன் அவரிடம் குனிந்து சொன்னது கூடம் முழுக்கக் கேட்டது. அவருக்கு மெதுவாகப் பேசத் தெரியாது.

"ஏனுங்க வக்கீலய்யா, என்ற தங்கச்சி ஊட்டுச் சங்கதிய இத்தன ஆம்பளைங்க முன்னால நான் வாயத் தொறந்து சொல்லோணுமா? அதுக்கு ஜெயிலுக்கே போலாமுங்க."

பிறகு முன்சீபைப் பார்த்துக் கும்பிட்டார். "காயிதத்தக் கிழிச்சது நாந்தானுங்க. கோவத்துல பண்ணிப்போட்டனுங்க. தப்புத்தானுங்க. புள்ளையச் சேத்துக்கறனுங்க."

முன்சீப் ஏதோ எழுதினார். மன்னிப்பு ஏற்கப்பட்டது, ஆனால் தண்டனையாகக் கோர்ட் கலையும்வரை அங்கேயே நிற்க வேண்டும் என்றார். மாமன் ஒரு மூலையில் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். நெல்லும் தென்னையும் பள்ளிக்கூடமும் உள்ள மனிதர், அடுத்தடுத்த வழக்குக்காரர்கள் எல்லாம் வேடிக்கை பார்க்க நின்றார். அப்பா பெஞ்சில் உட்கார்ந்து பார்த்தாராம். பெண் கொடுத்த மச்சான் நிற்கும்போது எப்படி உட்கார்ந்திருப்பது? கொஞ்ச நேரத்தில் அவரும் எழுந்து சுவரோரமாக நின்றுகொண்டார். பியூன் வந்து உட்காரச் சொன்னபோது, "கால் மரத்துப்போச்சுங்க, சித்த நிக்கறேன்" என்றாராம். அன்று கோர்ட் கலைந்தபின் புளியமரத்தடியில் இரண்டு பேரும் ஒரே பக்கம் உட்கார்ந்து சாப்பிட்டார்கள். பேச்சு மட்டும் கிடையாது.

தீட்டுக் கழிந்தது. தெரட்டியும் நடந்தது. மாமன் சீர்த் தட்டுகளோடு வந்தார், பந்தியில் சாப்பிட்டார். எல்லாம் முடிந்தபின் நான் அப்பாவிடம், எப்போது பள்ளிக்கூடம் போகட்டும் என்று கேட்டேன்.

அப்பா என்னை நிமிர்ந்து பார்க்கவில்லை. "கேசுதான் செயிச்சாச்சே கண்ணு. அது போதும். இனி நீ பெரிய மனுசி. பசங்களோட உக்காந்தா ஊரு என்ன பேசும்?" என்றார்.

 அத்தனை வாய்தாவும் அத்தனை புளிச்சோறும் இதற்குத்தானா? அம்மாவைப் பார்த்தேன். அவளும் தலையைத் திருப்பிக்கொண்டாள். அன்றைக்கு நான் அழக்கூட இல்லை. யாரிடம் போய் இனி வழக்குப் போடுவது? என்னை வெளியே அனுப்பியவர் எதிராளியாக இருந்தார், கோர்ட்டுக்கு இழுக்க முடிந்தது. வீட்டுக்குள் வைத்துக்கொண்டவர் என் அப்பா. அவர் மேல் எனக்கு அப்போது வந்த கசப்பு சுலபத்தில் தீரவில்லை.

அடுத்த திங்கட்கிழமை காலையில் வாசலில் மாமனின் கூண்டு வண்டி வந்து நின்றது. மாமன் இறங்கவில்லை. உள்ளிருந்தபடியே சத்தம் போட்டார்.

"புள்ளை எங்க? பள்ளிக்கூடத்துக்கு நேரமாச்சு."

அப்பா வெளியே போனார். "அவ இனி வரமாட்டா மச்சான். உங்களுக்குத் தெரியாததா?"

"நல்லாயிருக்குது மாப்பிள்ளை நியாயம்! சேத்துக்கறேன்னு கோர்ட்டுல கும்புட்டுச் சொல்லீட்டு வந்தவன் நானு. புள்ளை கிளாசுல இல்லீன்னா மறுபடியும் என்னையத்தான புடிப்பாங்க? இந்தத் தடவை நிக்க வெக்க மாட்டாங்க, உள்ள போட்டுருவாங்க. நீங்க வந்து எனக்குப் பதுலா இருப்பீங்களா?"

அப்பா மிரண்டுபோனார். அந்தக் கோணம் அவருக்குத் தோன்றவே இல்லை. அம்மா உள்ளிருந்து ஓடிவந்தாள். "ஐயோ, அண்ணன் மறுக்கா கோர்ட்டு ஏறோணுமா? ஏனுங்க, புள்ளைய அனுப்பி உடுங்க" என்று அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். அப்பா வக்கீலிடம் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் விஷயம் அன்றே உடைந்திருக்கும். மச்சானை மறுபடி அந்த மூலையில் நிற்க விடுவதா என்ற நினைப்பில் அவர் யாரிடமும் கேட்கவில்லை. நான் புதுப் பாவாடையோடு வண்டியில் ஏறினேன். மாமன் முன்பக்கம் திரும்பி உட்கார்ந்துகொண்டார். 

அதற்குப் பிறகு தினமும் அந்த வண்டி வந்தது. பங்காளி வீட்டார் கூட்டமாகப் போய் மாமனைக் கேட்டார்கள். சமைஞ்ச பெண்ணை இப்படிக் கூட்டிக்கொண்டு திரியலாமா என்றார்கள். அவர் எல்லாருக்கும் ஒரே பதில்தான் சொன்னார். கோர்ட் உத்தரவு, மீறினால் ஜெயில், யார் என்னோடு வருகிறீர்கள்? ஒருவரும் வரவில்லை. நான் ஆறாவதும் ஏழாவதும் முடித்தேன். அவர் மகன் அஞ்சாவதோடு நின்று, பொள்ளாச்சிப் பக்கம் பெண் எடுத்தான். நான் பின்னால் வாத்தியார் வேலைக்குப் படித்துப் போனதெல்லாம் வேறு கதை.

மாமன் ஏமாந்துபோனார் என்றுதான் நானும் வெகுநாள் நினைத்துக்கொண்டிருந்தேன். கோர்ட் என்றால் அவ்வளவு பயம் என்று என் சிநேகிதிகளிடம் சிரித்துச் சொல்லியிருக்கிறேன். ஏழாவது முடிகிற சமயத்தில் ஒரு நாள், வண்டிக்குக் காத்துக்கொண்டு ஆபீஸ் அறைக்கு வெளியே நின்றேன். உள்ளே ஹெட்மாஸ்டர் தயங்கித் தயங்கி மாமனிடம் சொல்லிக்கொண்டிருந்தார். உத்தரவில் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்றுதான் இருக்கிறது, பெயர் எழுதிய அன்றைக்கே அது தீர்ந்துவிட்டது, பெண் வராவிட்டால் உங்களை யாரும் ஒன்றும் கேட்க முடியாது, இத்தனை நாளாக நீங்கள் வீணாக அலைகிறீர்கள் என்றார்.

மாமன் அன்றைக்குத்தான் மெதுவாகப் பேசி நான் கேட்டேன்.

"எனக்குத் தெரியுமுங்க வாத்தியாரே. மாப்பிள்ளை காதுல உழுந்துறப்போவுது."